கார்ல் என்ற பெயரின் கதை



போன வருட மலருக்கு எழுதித் தருகிறேன் என்று சொல்லிவிட்டு ஏமாற்றியவன் நான். சங்கத்து ஆட்கள் கண்ட இடத்தில் எல்லாம் அதைச் சொல்லிக் காட்டுகிறார்கள். நான் எழுத்தாளன் அல்ல. ஊரில் ஏ.எல். சோதனை எழுதியதோடு என் படிப்பு நின்றுவிட்டது. இங்கே பக்ரறியில் மூன்று ஷிப்ற் வேலை. இரவு வேலை முடிந்து வந்து நித்திரை கொள்ளாமல் இருந்த காலைகளில் எழுதியது இது. பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

விஷயம் தொடங்கியது எங்கள் பக்ரறியில் இடைவேளைக்கு இருக்கிற அறையில்தான். எனக்கு இரண்டாவது பிள்ளை, மகன், பிறந்த நேரம் வேலைக்கு இனிப்பு கொண்டுபோயிருந்தேன். எங்கள் லைனில் அறுபதைத் தாண்டிய ஒரு ஜேர்மன்காரர் இருக்கிறார். பெயர் கார்ல். டொச்சில் நாங்கள் இருவரும் ஒருவரை ஒருவர் 'டூ' என்றுதான் கூப்பிடுவோம். ஆனால் தமிழில் எழுதும்போது எனக்கு அவரை 'நீ' என்று எழுதக் கை வராது.

அவர் ஒரு லட்டைக் கடித்துக்கொண்டு, "மகனுக்கு என்ன பெயர் வைச்சிருக்கிறாய்? அதுக்கு என்ன கருத்து?" என்று கேட்டார். நான் பெயரைச் சொல்லி, அதைப் பிரித்துப் பொருள் சொல்லி, எந்தக் கடவுளின் பெயர், ஏன் வைத்தோம் என்று அரைவாசி இடைவேளையை முடித்துவிட்டேன். பிறகு மரியாதைக்கு நானும் கேட்டேன்: "உங்கடை பெயருக்கு என்ன கருத்து?"

அவர் கொஞ்சம் யோசித்தார். "கருத்தோ? கார்ல் எண்டால் கார்ல்தான். அது என்ரை அப்பப்பாவின்ரை பெயர். வயல்காரங்களின்ரை பெயர். இப்ப ஆர் அதை வைக்கினம்?" என்று சொல்லிவிட்டுக் கையைத் துடைத்துக்கொண்டு எழும்பிவிட்டார்.

எனக்கு அது மனதில் கிடந்தது. ஒரு மனிதன் அறுபது வருடம் சுமக்கிற பெயருக்குக் கருத்து இல்லாமலா இருக்கும்? நகர நூலகத்திற்குப் போனேன். என் டொச் கதைக்கக் காணும், வாசிக்கக் காணாது. மூத்த மகளைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு வாசித்தேன். வாசிக்க வாசிக்க ஒரு பெயருக்குள் ஆயிரத்து இருநூறு வருடக் கதை கிடப்பது தெரிந்தது.

முதலில் ஜேர்மானியப் பழைய ஆண் பெயர்களின் பொதுவான அமைப்பைச் சொல்லவேண்டும். பெரும்பாலானவை இரண்டு சொல்லை ஒட்டி ஆக்கியவை. பிரீட்ரிக் என்றால் சமாதானம் ஒன்று, ஆளுகை ஒன்று. ஹைன்ரிக் என்றால் வீடும் ஆளுகையும். வில்ஹெல்ம் என்றால் மனவலிமை, தலைக்கவசம். லுட்விக் என்றால் புகழ், போர். கெர்ஹார்ட் என்றால் ஈட்டி, உறுதி. பெர்ன்ஹார்ட் என்றால் கரடி, உறுதி. பெயரைக் கேட்டாலே வாளும் ஈட்டியும் சத்தம் போடும். இன்றைக்கு அந்தப் பெயர்களை வைத்திருக்கிறவர்களுக்குக் கருத்துத் தெரியாமல் போனதற்குக் காரணம், மொழி மாறிவிட்டது. சொற்கள் வழக்கொழிந்து போக, பெயர் மட்டும் மிச்சமாக நிற்கிறது. 'பிரீட' என்ற சொல் இன்றும் சமாதானத்துக்கு இருக்கிறது, ஆனால் பிரீட்ரிக் என்று கூப்பிடும்போது யாரும் அதை நினைப்பதில்லை.

இந்தக் கூட்டத்தில் கார்ல் வேறு சாதி. இரண்டு சொல் இல்லை, ஒரே சொல். ஈட்டியும் இல்லை, கவசமும் இல்லை. பழைய ஜேர்மானிய மொழிகளில் கார்ல் என்றால் வெறுமனே 'ஆண்', 'ஆள்'. அதற்குள் இன்னொரு கருத்து: சுதந்திரமான ஆள். பிரபுவும் அல்ல, அடிமையும் அல்ல. சொந்த நிலத்தை உழுது, தேவைப்பட்டால் ஆயுதம் எடுத்து, ஊர்க் கூட்டத்தில் வாய் திறக்க உரிமை உள்ளவன்.

பழைய நோர்ஸ் மொழியில் ஒரு பாட்டு இருக்கிறது. ரீக் என்ற பெயரில் ஒரு கடவுள் வழிப்போக்கனாக மூன்று வீடுகளில் தங்குகிறார். முதல் வீட்டில் பிறக்கிறவன் பெயர் த்ரேல், அடிமை. மூன்றாவது வீட்டில் பிறக்கிறவன் யார்ல், பிரபு. நடு வீட்டில் பிறக்கிறவன்தான் கார்ல். அவன் மாட்டைப் பழக்குகிறான், ஏர் செய்கிறான், வீடும் களஞ்சியமும் கட்டுகிறான். எங்கள் கார்ல் "வயல்காரங்களின்ரை பெயர்" என்று சொன்னது பிழையில்லை. அவருக்குத் தெரியாமலே சரியாகச் சொல்லிவிட்டார்.

இங்கிலாந்தில் ஆங்கிலோ சாக்சன் மக்களிடமும் இதே சொல் இருந்தது. அங்கே அதை 'ச்சேஒர்ல்' என்று சொன்னார்கள். அக்காலச் சட்டத்தில் ஒவ்வொரு ஆளுக்கும் ஒரு விலை உண்டு. ஒருவனைக் கொன்றால் அவனுடைய இனத்தாருக்குக் கட்டவேண்டிய பணம், ஆள்விலை. வெசெக்ஸ் நாட்டில் ச்சேஒர்லுடைய ஆள்விலை 200 ஷில்லிங். பிரபுவினுடையது 1200 ஷில்லிங். ஆறில் ஒரு பங்கு. குறைவுதான். ஆனால் அடிமைக்கு ஆள்விலையே கிடையாது, அவன் சொத்து; மாட்டைப் போலச் சொந்தக்காரனுக்கு விலையைக் கொடுத்தால் சரி. அந்த 200 ஷில்லிங்தான் ஒருவன் மனிதனாகக் கணக்கில் எடுக்கப்பட்டதற்கு அடையாளம். கையில் கடதாசி இல்லாமல் இருந்த காலத்தை அனுபவித்த எங்கள் ஆட்களுக்கு இதை நான் விளங்கப்படுத்தத் தேவையில்லை.

பிறகு அந்தச் சொல் கீழே விழுந்த கதையையும் பாருங்கள். 1066இல் நோர்மன்காரர் இங்கிலாந்தைப் பிடித்த பிறகு இந்தச் சுதந்திர உழவர்கள் மெல்ல மெல்லப் பண்ணைக்குக் கட்டுப்பட்டவர்கள் ஆனார்கள். அவர்களோடு சொல்லும் விழுந்தது. இன்றைய ஆங்கிலத்தில் 'சேர்ல்' என்றால் மரியாதை தெரியாதவன், காட்டான். டொச்சில் 'கேர்ல்' என்ற சொல் இதனுடைய உடன்பிறப்பு. அது அவ்வளவு விழவில்லை. "நல்ல கேர்ல்" என்றால் நல்ல பொடியன், "பாவப்பட்ட கேர்ல்" என்றால் பாவம் அந்தாள். எங்கள் போர்மன் ஒரு நாளில் இருபது தரம் சொல்கிற சொல். சுவீடன், டென்மார்க், நோர்வேயில் இன்றும் 'கார்ல்' என்றால் ஆண்பிள்ளை என்ற கருத்து உண்டு.

இப்படிச் சாதாரணச் சொல் எப்படி அரச குடும்பத்துக்குள் போனது? அங்கேதான் கதை ருசியாகிறது.

பிராங்கியர் நாட்டில் அரசனுக்குப் பதிலாக உண்மையில் ஆட்சி நடத்தியவர்கள் அரண்மனைத் தலைவர்கள். அவர்களில் பெரிய ஆளான பிப்பின் 714இல் இறந்தார். அவருடைய மூத்த மனைவி, தன் பேரப்பிள்ளைக்கு ஆட்சி வரவேண்டும் என்று, மற்றப் பெண்ணுக்குப் பிறந்த மகனைப் பிடித்து அடைத்து வைத்தாள். அந்த மகனின் பெயர் கார்ல். தலைமுறை தலைமுறையாக வந்த பெரிய பெயர் அவனுக்கு வைக்கப்படவில்லை. 'ஆள்' என்று வைத்திருக்கிறார்கள். அந்த 'ஆள்' சிறையிலிருந்து தப்பி, எதிரிகளை ஒவ்வொருவராக முறியடித்து, முழு நாட்டையும் கைக்குள் கொண்டுவந்தான். 732இல் தூர், புவாத்தியே ஆகிய நகரங்களுக்கு இடையில் ஸ்பெயினிலிருந்து வந்த அரபுப் படையைத் தோற்கடித்தான். பிற்காலத்தவர்கள் அவனுக்கு மார்ட்டெல், அதாவது சம்மட்டி, என்று பட்டம் கொடுத்தார்கள். 741இல் சாகும்வரை அவன் அரசன் என்ற பெயரை எடுக்கவில்லை. அவனுடைய மகன் பிப்பின் 751இல் முடிசூடினான். பேரனுக்குத் தாத்தாவின் பெயரை வைத்தார்கள். எங்கள் ஊர் வழக்கம்போலத்தான்.

அந்தப் பேரன்தான் மகா கார்ல். டொச்சில் கார்ல் டேர் குரோச, பிரெஞ்சில் ஷார்லமாஞ். 768இல் தம்பி கார்ல்மனோடு சேர்ந்து அரசனானான். தம்பி 771இல் இறக்கத் தனியாளானான். 774இல் இத்தாலியின் லொம்பார்டி அரசைப் பிடித்தான். 800ஆம் ஆண்டு நத்தார் தினத்தில் ரோமாபுரியில் பாப்பரசர் மூன்றாம் லியோ அவனுக்குப் பேரரசன் முடியைச் சூட்டினார். 814 ஜனவரி 28இல் ஆகன் நகரில் இறந்தான். ஆகன் எங்கள் மாநிலத்திலேயே இருக்கிறது. அவன் கட்டிய தேவாலயமும் அவனுடைய சிம்மாசனமும் இன்னும் அங்கே உள்ளன. பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டுபோய்ப் பாருங்கள். சிம்மாசனம் என்றால் தங்கம் என்று நினைத்துப் போகாதீர்கள், வெறும் பளிங்குப் பலகைகள். அவனுடைய கால் எலும்பை அளந்து, சுமார் 184 சென்ரிமீற்றர் உயரம் இருந்திருப்பான் என்று ஆராய்ச்சியாளர்கள் கணக்கிட்டிருக்கிறார்கள். அந்தக் காலத்துக்கு அது பெரிய உயரம்.

இவனைப் பற்றி ஐன்ஹார்ட் என்றொருவர் எழுதி வைத்திருக்கிறார். அரண்மனையில் கூட இருந்து பார்த்தவர். அதில் எனக்குப் பிடித்த இடம் போர்கள் அல்ல. பாதி ஐரோப்பாவை ஆண்ட இந்த மனிதனுக்கு எழுதத் தெரியாது. எழுத்துப் பழகுவதற்காகத் தலையணைக்குக் கீழே பலகையும் ஓலையும் மாதிரிச் சாமான்களை வைத்துக்கொண்டு, நித்திரை வராத நேரத்தில் எடுத்துப் பழகுவானாம். பிந்தித் தொடங்கியபடியால் சரிவரவில்லை என்று ஐன்ஹார்ட் எழுதுகிறார். இதை வாசித்த இரவு எனக்கு முதல் டொச் வகுப்பு ஞாபகம் வந்தது.

இன்னொன்று. அவன் தன் தாய்மொழியில் அக்கறை உள்ளவன். பழைய வீரப் பாட்டுகளை எழுதி வைக்கச் சொன்னான். தன் மொழிக்கு இலக்கணம் எழுதத் தொடங்கினான். லத்தீன் பெயர்களை விட்டு, மாதங்களுக்கெல்லாம் தன் மொழியில் பெயர் வைத்தான். ஜூலை வைக்கோல் மாதம், ஓகஸ்ட் அறுவடை மாதம், ஒக்ரோபர் திராட்சை ஆயும் மாதம், டிசம்பர் புனித மாதம். எங்களுக்குச் சித்திரை பிறக்கிற ஏப்ரலுக்கு 'ஒஸ்டர்மானோத்' என்று வைத்தான். அந்தப் பெயர்கள் பேரரசு முடிந்தும் கனகாலம் ஜேர்மன் கலண்டர்களில் இருந்தன.

பக்தாத் கலீபா ஹாரூன் அல் ரஷீத் இவனுக்கு ஒரு யானை அனுப்பினார். பெயர் அபுல் அபாஸ். ஐசாக் என்ற யூதர் அதைக் கூட்டிக்கொண்டு கடல் கடந்து, அல்ப்ஸ் மலை ஏறி இறங்கி, 802இல் ஆகனுக்குக் கொண்டுவந்து சேர்த்தார். இந்தக் குளிருக்குள் அந்த யானை எட்டு வருடம் இருந்தது. 810இல் டென்மார்க்காரரோடு சண்டைக்குப் போகும் வழியில், லிப்பே ஆறு ரைன் ஆற்றோடு சேருகிற பக்கத்தில், திடீரென்று செத்துப்போனது. எங்கள் ஆட்கள் தேர்த்திருவிழாவுக்குப் போகிற ஹாம் நகருக்குள்ளால் ஓடுகிறதே, அதே லிப்பே ஆறு. இதை மகளுக்குச் சொன்னபோது, யானைப் பாகனும் அதோடு வந்தானா என்று கேட்டாள். எனக்குப் பதில் தெரியவில்லை.

இவ்வளவும் நல்ல பக்கம். மற்றப் பக்கத்தையும் எழுதாமல் விட்டால் அது சரித்திரமாகாது. நாங்கள் இருக்கிற வெஸ்ட்பாலன் நிலம் அன்று சாக்சனியருடைய நிலம். அவர்கள் கிறிஸ்தவர்கள் அல்ல. தங்கள் தெய்வங்களைக் கும்பிட்டுக்கொண்டு, அரசன் இல்லாமல், கூட்டம் கூடித் தீர்மானித்து வாழ்ந்தவர்கள். 772இல் கார்ல் படையோடு வந்து அவர்கள் வழிபட்ட இர்மின்சூல் என்ற தூணை இடித்தான். சண்டை 804 வரை, விட்டு விட்டு 30 வருடத்துக்கு மேல் நடந்தது. 782இல் பெர்டன் என்ற இடத்தில் ஒரே நாளில் 4500 சாக்சனியருடைய தலையை வெட்டுவித்ததாக அவனுடைய சொந்த அரசுக் குறிப்பேடே எழுதி வைத்திருக்கிறது. வென்றவனுடைய ஆட்கள் எழுதியது, தோற்றவர்கள் ஏற்றிச் சொன்னது அல்ல.

பிறகு சாக்சனியருக்கென்று ஒரு சட்டம் போட்டான். ஞானஸ்நானம் எடுக்க மாட்டேன் என்று ஒளித்திருந்தால் மரண தண்டனை. செத்தவர்களைப் பழைய முறைப்படி தகனம் செய்தால் மரண தண்டனை. அந்த வரியில் நான் புத்தகத்தை மூடிவிட்டு ஒரு தேத்தண்ணி போட்டுக் குடித்தேன். அப்பாவை எரிக்கிற நேரம் ஊருக்குப் போகமுடியாமல் இங்கே இருந்தவன் நான். தகப்பனை எரித்ததற்காக மகனுடைய தலையை வெட்டுவது என்றால் என்ன என்று கொஞ்ச நேரம் யோசித்துக்கொண்டிருந்தேன்.

சாக்சனியத் தலைவன் விடுகிண்ட் 785இல் சரணடைந்து ஞானஸ்நானம் எடுத்தான். அவனுக்கு ஞானத் தகப்பனாக நின்றது கார்ல்! கடைசியில் 804இல், எல்பே ஆற்றின் இரு கரையிலும் இருந்த 10,000 பேரை மனைவி பிள்ளைகளோடு கிளப்பி, தன் நாட்டின் வெவ்வேறு மூலைகளில் குடியிருத்தினான் என்று ஐன்ஹார்ட் எழுதுகிறார். அவர்கள் எந்தெந்த ஊருக்குப் போனார்கள், என்ன மொழி கதைத்தார்கள், பிள்ளைகளுக்கு என்ன பெயர் வைத்தார்கள் என்று எழுத ஒரு ஐன்ஹார்ட் அவர்களுக்கு இருக்கவில்லை.

ஆனால் காலம் போகிற போக்கு விசித்திரமானது. 936இல், அந்த இடப்பெயர்வுக்கு 132 வருடத்துக்குப் பிறகு, ஒட்டோ என்ற ஒரு அரசன் ஆகனில் முடிசூடி, கார்லின் சிம்மாசனத்தில் ஏறி இருந்தான். அவன் சாக்சனியன். தாய் வழியில் விடுகிண்டின் வம்சம். 1165இல் பார்பரோசா என்ற பேரரசன் கார்லைப் புனிதர் ஆக்குவித்தான். 1935இல் நாசிகள் வேறு விதமாகப் பாவித்தார்கள். பெர்டனில் 4500 கற்களை நட்டு, கார்லைச் சாக்சனியரைக் கொன்ற கொலைகாரன் என்று ஏசினார்கள். கொஞ்சக் காலத்தில் கதையைப் புரட்டி, அவனையே பெரிய ஜேர்மன் பேரரசன் என்று தலையில் தூக்கி வைத்தார்கள். சண்டை முடிந்த பிறகு, 1950இல் இருந்து ஆகன் நகரம் ஐரோப்பிய ஒற்றுமைக்காக ஒரு பரிசு கொடுக்கிறது. அதற்கும் கார்லின் பெயர்தான். செத்தவன் வாய் திறக்கமாட்டான் என்றபடியால் ஆளுக்கொரு பக்கம் இழுக்கிறார்கள்.

பெயரின் பயணத்துக்கு வருகிறேன். கார்லின் பிள்ளைகளில் இருவருக்கு லுட்விக், லோதார் என்று பெயர் வைத்தார்கள். அவை பிப்பின் கவிழ்த்துவிட்ட பழைய அரச குடும்பத்தின் பெயர்கள். ஆட்சியைப் பறித்த குடும்பம் பெயரையும் எடுத்துக்கொண்டது. அதற்குப் பின்னால் வந்த கார்ல்களின் பட்டங்களைக் கேட்டால் சிரிப்பு வரும்: மொட்டைக் கார்ல், கொழுத்த கார்ல், அப்பாவிக் கார்ல். மகா கார்லுக்குப் பிறகு பெயருக்கு என்ன கதி!

மொட்டைக் கார்ல் மட்டும் ஒரு காரணத்துக்காக முக்கியமானவன். 842இல் ஸ்ராஸ்பூர்க்கில் அவனும் அண்ணன் லுட்விக்கும் உடன்படிக்கை செய்தார்கள். ஒருவனுடைய படை பழைய பிரெஞ்சு கதைக்கிற படை, மற்றவனுடையது பழைய ஜேர்மன் கதைக்கிற படை. இருவரும் மற்றவன் படைக்கு விளங்க வேண்டும் என்று மொழியை மாற்றிச் சத்தியம் செய்தார்கள். லுட்விக் பிரெஞ்சு வழக்கில், கார்ல் ஜேர்மனில். பிரெஞ்சு மொழியில் எழுதப்பட்டு இன்று கிடைக்கிற மிகப் பழைய ஆவணம் அதுதான்.

லத்தீனில் எழுதும்போது கார்ல் கரோலுஸ் ஆனான். அதிலிருந்து பிரெஞ்சில் ஷார்ல், ஆங்கிலத்தில் சார்ள்ஸ், ஸ்பானிய மொழியில் கார்லோஸ், இத்தாலியில் கார்லோ, போலந்தில் காரொல், ஒல்லாந்தில் காரெல். பெண்களுக்குக் கரோலின், சார்லட். அமெரிக்காவின் கரோலினா மாநிலங்களும் இங்கிலாந்து அரசர் சார்ள்ஸின் லத்தீன் பெயரால் வந்தவை. 2022இல் இங்கிலாந்தில் மூன்றாம் சார்ள்ஸ் அரசனானபோது தொலைக்காட்சியில் பார்த்தோமே, அவருடைய பெயரின் கருத்தும் 'அடிமை இல்லாத சாதாரண ஆள்' என்பதுதான்.

இதை விடப் பெரிய புதினம் ஒன்று இருக்கிறது. கிழக்கே இருந்த ஸ்லாவிய மக்களுக்கு மகா கார்லின் பெயர் அவ்வளவு பெரிதாகப் பட்டது. அவர்கள் அந்தப் பெயரையே 'அரசன்' என்ற சொல்லாக ஆக்கிவிட்டார்கள். போலந்து மொழியில் அரசனுக்கு க்ரூல். செக் மொழியில் க்ரால். குரோவாசியர், சேர்பியர் க்ரல் என்பார்கள். ரஷ்ய மொழியில் கரோல். அங்கேயிருந்து ஹங்கேரிக்குப் போய்க் கிராய், துருக்கிக்குப் போய்க் க்ரால். சீசர் என்ற ரோமன் பெயரிலிருந்து டொச்சில் கைசர், ரஷ்யாவில் சார் என்ற சொற்கள் வந்தது போல. ஒரு மொழியில் காட்டான், இன்னொரு மொழியில் பொடியன், மூன்றாவதில் அரசன். ஒரே சொல்!

பெயர் வைக்கிற முறையிலும் ஒரு விஷயம் எனக்குத் தட்டுப்பட்டது. இங்கே அலுவலகங்களில் எங்கள் ஆட்கள் படுகிற பாடு தெரியும்தானே. எங்களுக்குக் குடும்பப் பெயர் என்று ஒன்று இல்லை; தகப்பன் பெயர், பிறகு தன் பெயர். இங்கே தகப்பன் பெயரைக் குடும்பப் பெயர் ஆக்கிவிட்டார்கள். இப்போது என் பிள்ளைகள் என் அப்பாவின் பெயரோடு திரிகிறார்கள், என் பெயர் நடுவில் காணாமல் போய்விட்டது. இது ஏதோ எங்கள் பிழை மாதிரிக் கவுண்டரில் இருக்கிறவர்கள் பார்ப்பார்கள். ஆனால் சுவீடனிலும் முன்பு இப்படித்தான். கார்லின் மகன் கார்ல்சன், அவனுடைய மகனுக்கு அவன் பெயரோடு 'சன்'. 1901இல் சட்டம் போட்டுத்தான் குடும்பப் பெயரை நிரந்தரமாக்கினார்கள். அன்றைக்கு யாருக்குக் கார்ல்சன் என்று இருந்ததோ அது அப்படியே உறைந்துபோனது. ஐஸ்லாந்தில் இன்றைக்கும் தகப்பன் பெயர்தான். ஐரோப்பாவுக்குள்ளேயே எங்கள் முறை இருக்கிறது என்று அடுத்த முறை கவுண்டரில் சொல்லுங்கள்.

கார்ல் பெயரில் உள்ள ஊர்களில் எங்கள் ஆட்கள் அதிகம் உச்சரித்தது கார்ல்ஸ்ரூவ. 1715இல் கார்ல் வில்ஹெல்ம் என்ற சிற்றரசன் கட்டிய நகரம். 'கார்லின் ஓய்வு' என்று கருத்து. ஜேர்மனியின் அரசியலமைப்பு நீதிமன்றம் 1951இல் இருந்து அங்கேதான். 1989 ஜூலை 10இல், உள்நாட்டுப் போர் நடக்கிற நாட்டில் அரசியல் துன்புறுத்தல் என்பது என்ன என்று அந்த நீதிமன்றம் விளக்கிய தீர்ப்பு, இலங்கைத் தமிழ் அகதிகள் போட்ட வழக்குகளில் வந்தது. இன்றும் அகதி வழக்குகளில் அதை எடுத்துக் காட்டுகிறார்கள். நான் வருவதற்கு எத்தனையோ வருடம் முந்தி வந்தவர்கள் பட்ட கஷ்டம் அது. அதே நீதிமன்றம் 2008 டிசம்பரில் இன்னொரு தீர்ப்புச் சொன்னது. இந்திய வழி வந்த ஒரு குடும்பம் மகளுக்குக் கிரன் என்று பெயர் வைக்க, அது ஆணா பெண்ணா என்று தெரியவில்லை என்று பதிவு அலுவலகம் மறுத்துவிட்டது. பெயரைப் பார்த்தே ஆண் பெண் தெரியவேண்டும் என்று சட்டத்தில் இல்லை, அந்தப் பெயரை வைக்கலாம் என்று நீதிமன்றம் சொன்னது. எங்கள் பிள்ளைகளின் பெயருக்கும் அதனால் வழி திறந்தது.

கார்ல் என்று பெயர் கொண்ட பெரிய மனிதர்களின் பட்டியல் போட இந்த மலர் காணாது. 1818இல் திரியர் நகரில் பிறந்த கார்ல் மார்க்ஸ், 1886இல் மோட்டார் வண்டிக்குக் காப்புரிமை எடுத்த கார்ல் பென்ஸ் என்று எல்லோருக்கும் தெரிந்த பெயர்களை விடுவோம். எங்கள் ஆட்களுக்குத் தெரியவேண்டிய கார்ல் ஒருவர் இருக்கிறார்: கார்ல் கிரவுல். 1814இல் பிறந்தவர், மகா கார்ல் இறந்து சரியாக ஆயிரம் வருடத்தில். லைப்சிக் மிஷனின் தலைவராக இருந்து, 1849இல் புறப்பட்டு இந்தியாவுக்குப் போய்த் தமிழ் படித்தவர். திரும்பி வந்து தமிழ் நூல்களை வரிசையாக வெளியிட்டார். 1856இல் திருக்குறளை ஜேர்மன் மொழியில் மொழிபெயர்த்து அச்சிட்டார். அவர் செய்த லத்தீன் மொழிபெயர்ப்பு, அவர் 1864இல் இறந்த பிறகு அடுத்த வருடம் வந்தது. நாங்கள் அகதியாக வந்து இறங்குவதற்கு நூறு வருடத்துக்கு மேல் முந்தி வள்ளுவரை இந்த நாட்டுக்குக் கூட்டிக்கொண்டு வந்தவரும் ஒரு கார்ல்தான்.

இவ்வளவையும் சேர்த்துக்கொண்டு ஒரு நாள் இடைவேளையில் எங்கள் கார்லுக்குச் சொன்னேன். என் டொச்சில் சொன்னபடியால் நேரம் எடுத்தது. மேசையைச் சுற்றி ஆட்கள் சேர்ந்துவிட்டார்கள். எங்கள் லைனில் போலந்துக்காரர் ஒருவர், துருக்கிக்காரர் இருவர், குரோவாசியர் ஒருவர். ஒவ்வொருவராக "உங்கடை பாஷையிலை ராசாவுக்கு என்ன?" என்று கேட்டேன். க்ரூல், க்ரால், க்ரல் என்று வந்தது. எல்லோரும் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். பிறகு கார்லைப் பார்த்தார்கள். துருக்கிக்காரர் எழும்பி நின்று ஒரு சலூட் அடித்தார். கார்லுக்கு முகம் சிவந்துவிட்டது. "இவ்வளவு காலம் ஒருத்தரும் எனக்குச் சொல்லேல்லையே" என்றார்.

கொஞ்ச நேரத்தில் அவர் என் நெஞ்சில் தொங்கின அடையாள அட்டையைக் கையில் எடுத்துப் பார்த்தார். "இதிலை உன்ரை பெயர் எது, அப்பாவின்ரை பெயர் எது?" என்று கேட்டார். அப்பாவின் பெயர் பாதியில் வெட்டுப்பட்டிருக்கிறது, என்னுடையதில் முதல் எழுத்து மட்டும்தான் இருக்கிறது என்று காட்டினேன். சேர்ந்த நாளிலிருந்து அப்படித்தான். நான் கேட்கப் போகவில்லை. அடுத்த நாள் வேலை முடிந்ததும் அவர் என்னைக் கையில் பிடித்து அலுவலகத்துக்குக் கூட்டிக்கொண்டு போனார். கொம்பியூட்டரில் அந்தக் கட்டத்துக்குள் அவ்வளவு எழுத்துத்தான் விழும், புதிய முறை வரும்போது பார்க்கலாம் என்று அங்கே இருந்தவ சொன்னா.

புதிய முறை இன்னும் வரவில்லை. கார்ல் இந்த வருட முடிவில் பென்ஷன் எடுக்கிறார். மாதத்தில் ஒருக்கால் அலுவலகத்துக் கதவைத் தட்டி, "அட்டை வந்திட்டுதோ?" என்று கேட்டுவிட்டு வருகிறார்.